தூங்கியதற்கு வந்த மெமோ

கும்மிடிப்பூண்டி பக்கம் ஓர் அரசு நிறுவனத்தின் பம்ப் ஹவுஸில் மோட்டார் பார்ப்பது என் வேலை. பெயர் சந்திரமோகன். பதினாறு வருஷம் தற்காலிகத் தொழிலாளியாக இருந்தேன். கல்யாணம், இரண்டு பிள்ளைகள், கடைவாய்ப் பல் விழுந்தது எல்லாமே அதற்குள் நடந்தன. பெண் பார்க்கப் போன இடத்தில், "ஆறு மாசத்துல பர்மனன்ட் ஆயிடும்" என்று மாமனாரிடம் சொன்னேன். அவர் நம்பினார். நானும் நம்பினேன், அதனால் அதைப் பொய் என்று சொல்ல முடியாது.

இரண்டு வருஷத்தில் நானூற்று எண்பது நாள் வேலை செய்தவரை நிரந்தரமாக்க வேண்டும் என்று சட்டம் இருப்பதே பத்தாவது வருஷம்தான் எனக்குத் தெரிந்தது. கூட வேலை செய்த ராஜமாணிக்கம் அண்ணன் சொன்னார். இருவரும் திருவள்ளூரில் இளமதி என்ற வக்கீலைப் பிடித்து வழக்குப் போட்டோம். ஒவ்வொரு வாய்தாவுக்கும் ஒரு நாள் வேலை போனது. வேலை செய்த நாளை நிரூபிக்க, வேலைக்குப் போகாமல் அலைந்தேன்.

இவர்கள் கான்ட்ராக்டரின் ஆட்கள், எங்களுக்கு யாரென்றே தெரியாது என்று நிர்வாகம் பதில் மனு போட்டது.

"கம்பெனி லெட்டர்பேடுல உங்க பேர் போட்ட பேப்பர் ஏதாவது இருக்கா?" என்று வக்கீல் கேட்டார்.

ராஜமாணிக்கம் அண்ணன் தலையைக் குனிந்துகொண்டார். ஒரு நாள்கூடத் தாமதமாக வராதவர், வேலையில் குறை வைக்காதவர். அப்படிப்பட்டவருக்கு யார் கடிதம் எழுதப்போகிறார்கள்?

எனக்கு எழுதியிருந்தார்கள். மொத்தம் பதினொரு மெமோ. எல்லாவற்றையும் கிழித்து எறிந்ததாகத்தான் நினைவு. வீட்டுக்கு வந்து மனைவி திலகவதியிடம் சொல்லிப் புலம்பினேன்.

"நீ கீச்சிப் போட்டது ஒண்ணுதான். மீதி பத்தும் நான் எடுத்து வச்சிக்கினு கீறேன்."

"இன்னாத்துக்கு?"

"உன்ன வேலைய உட்டுத் தூக்கினா, தப்பு யாருதுன்னு எங்கப்பாவாண்ட காட்ட வேணாமா?"

கோர்ட்டில் வக்கீல் ஒவ்வொன்றாகப் படித்தார். 'பம்ப் ஹவுஸ் ஊழியர் சந்திரமோகன் மதியம் இரண்டு மணிக்கு வாயைத் திறந்தபடி தூங்கிக்கொண்டிருந்தார்.' தொட்டி நிரம்பி வழிந்து அதிகாரியின் கார் நனைந்தது அடுத்ததில். பின்னால் யாரோ சிரித்தார்கள். நான் மின்விசிறியைப் பார்த்துக்கொண்டு நின்றேன். நான்காவதைப் படிக்கும்போது வக்கீலின் குரல் சற்று உயர்ந்தது. 'உடன் பணிபுரியும் ராஜமாணிக்கம் தட்டி எழுப்பியும் எழவில்லை.' பத்தில் ஆறு மெமோவில் அண்ணன் என்னை எழுப்பியிருந்தார்.

"யாருன்னே தெரியாத ஆளுக்கு எதுக்குங்க பத்து மெமோ?" என்று நீதிபதி கேட்டார். நிர்வாகத்தின் வக்கீல் காகிதக் கட்டைப் புரட்டினார். வருகைப் பதிவேட்டைக் கொண்டுவரச் சொல்லி நீதிபதி உத்தரவிட்டார், நிர்வாகம் கடைசிவரை கொண்டுவரவில்லை. தீர்ப்பு எங்களுக்குச் சாதகமானது.

வெளியே வந்ததும், "தூங்கினதுக்கு மன்னிச்சுக்க அண்ணே" என்றேன்.

"உன்ன எழுப்பி எழுப்பியே கை நோவும்பா. அதுக்காவது பலன் கெடச்சுதே" என்றார்.

நிர்வாகம் உயர் நீதிமன்றம் போனது. அங்கே இரண்டு வருஷம் ஓடியது. தீர்ப்பு மாறவில்லை. போன மாதம் பணி நிரந்தர உத்தரவு வாங்கக் கூப்பிட்டார்கள். எனக்கு நாற்பத்தொன்பது வயது. அண்ணன் ஓய்வு பெற இன்னும் பதினான்கு மாதம். அவர் கண்ணாடி கொண்டுவராததால் அவருடைய உத்தரவையும் நானே படித்தேன். முதல் இரண்டு வருஷம் தகுதிகாண் காலம், வேலை திருப்தியாக இருந்தால் மட்டுமே நிரந்தரம் என்று இருந்தது.

"நான் அதுக்கு முன்னாடியே ரிட்டயர் ஆயிடுவேனேம்மா" என்றார் அண்ணன்.

"எல்லாருக்கும் அதே ஃபார்ம்தாங்க ஐயா" என்றார் ஆபீஸில் இருந்த சிஃபா மேடம். அவர் குரலிலும் சங்கடம் தெரிந்தது.

அண்ணன் கொஞ்ச நேரம் காகிதத்தைத் தடவிக்கொண்டிருந்தார். பிறகு, "எங்க கையெழுத்துப் போடணும்மா?" என்று கேட்டார். நான் இடத்தைக் காட்டினேன்.