மெரிட்டா அக்காவின் வியாழக்கிழமைக் குழு

வெள்ளவத்தைச் சந்தையில் முருங்கைக்காய் தெரிவு செய்துகொண்டு நின்றபோது எங்கள் பழைய மாணவி சபியாவின் அழைப்பு வந்தது. "மிஸ், மெரிட்டா மிஸ் மவுத்தாகிட்டாங்க" என்றாள். தொலைபேசியைக் காதில் வைத்தபடி இருவரும் அழுதோம். காய்க்காரர் நான் தெரிந்தெடுத்து வைத்ததை நிறுக்காமல் ஒரு பக்கம் ஒதுக்கி வைத்துவிட்டு, இருக்க ஒரு பெட்டியைக் கவிழ்த்துப் போட்டார்.

கொட்டாஞ்சேனையில் அடக்கத்துக்கு வந்திருந்த பலர் இதை வாசிப்பீர்கள். உங்களுக்குத் தெரிந்ததையே திரும்பச் சொல்கிறேன் என்றால் பொறுத்துக்கொள்ளுங்கள். தெரியாதவர்களுக்காக ஒரு வரி: கடற்கரைப் பக்கமாக இறங்கும் ஒரு ஒழுங்கையில், மூன்று மாடிக் கட்டடம் ஒன்றில் நடந்த எங்கள் சின்னப் பல்கலைக்கழகத்தின் விளையாட்டுத்துறை என்பது மெரிட்டா அக்கா ஒருவர்தான். நான் அங்கே கணக்கியல் படிப்பித்தேன். அவர் பதிவாளர் அலுவலகத்தில் வேலை. விளையாட்டுக்கு ஒரு பொறுப்பாளர் வேண்டும் என்று கூட்டத்தில் கேட்டபோது எல்லோரும் மேசையைப் பார்த்தோம், அவர் கையைத் தூக்கினார். அவ்வளவுதான் நியமனம்.

அவர் பெரிய வீராங்கனை என்று யாரும் நினைத்துவிட வேண்டாம். பள்ளிக்கூடத்தில் வலைப்பந்தாட்டக் குழுவில் இருந்தவர்தான், ஆனால் ஒரு நாளும் அவரை இறக்கவில்லை. "யூனிபோர்ம் தோச்சி, ஸ்திரி போட்டு, ரிபன் எல்லாம் கட்டிட்டுப் போவன் சுபா. போய் வெளிய இருந்து விளையாடுற புள்ளைங்களுக்குத் தோடம்பழம் வெட்டிக் குடுப்பன். ஸ்கூல் காலம் முழுக்க அதுதான் என்ட விளையாட்டு" என்று சிரித்துக்கொண்டே சொல்வார். அந்தச் சிரிப்பை நான் முழுதாக நம்பியதில்லை. ஏனென்றால் பொறுப்பேற்ற முதல் நாளே அவர் போட்ட சட்டம் ஒன்றே ஒன்றுதான்: "பேர் குடுத்தா விளையாடோணும்." குழுவுக்குப் பெயர் கொடுத்தவள் எவளாக இருந்தாலும், ஒவ்வொரு போட்டியிலும் கொஞ்ச நேரமாவது இறங்கியே ஆகவேண்டும்.

மைதானம் எங்களுக்கு இல்லை. கிரிக்கெட் விளையாடும் பையன்களுக்கு மட்டும் பணிப்பாளர் எங்கேயோ ஒரு மைதானம் வாடகைக்கு எடுத்துக் கொடுத்திருந்தார். பெண் பிள்ளைகளின் வலைப்பந்துக்குக் கடற்கரை. பெயின்ட் வாளியில் சீமெந்தை ஊற்றி அதில் நட்ட, உச்சியில் வளையம் மாட்டிய இரும்புக் கம்பம்தான் எங்கள் வலை. வியாழக்கிழமை பின்னேரங்களில் அதைத் தூக்கிக்கொண்டு ரயில் பாதையைக் கடப்போம். மெரிட்டா அக்கா தண்டவாளத்தின் நடுவில் நின்று இரண்டு பக்கமும் கையைக் காட்டுவார், ரயில் வந்தாலும் அவருக்காக நிற்கும் என்பதுபோல. கடைசிப் பிள்ளை கடந்த பிறகுதான் அவர் கடல் பக்கம் வருவார். நான் எல்லோருடைய பைகளையும் சுமந்துகொண்டு பின்னால் போவேன். கற்பாறையில் இருந்து பைகளைக் காவல் காப்பது என் வேலை.

"சுபா, உன்ட பேர எப்ப குடுக்கப் போற?" என்று வாரத்துக்கு வாரம் கேட்பார்.

"எனக்கு இந்தச் சீலையோட ஓடேலாது அக்கா. என்னைப் பாத்தால் விளையாடுற ஆள் மாதிரியே கிடக்கு?"

"என்னப் பாத்தா மட்டும் கிடக்கா?" என்பார், தன் பருத்த இடுப்பில் கையை வைத்துக்கொண்டு.

முதன்முதல் போட்டிக்குப் போனதை நினைத்தால் இன்றைக்கும் எனக்குச் சிரிப்பு வரும். பெரிய பல்கலைக்கழகம் ஒன்றில் சீமெந்துத் தளம். எங்கள் பிள்ளைகள் அதுவரை மணலில்தான் பழகியிருந்தார்கள். மணலில் பந்து விழுந்தால் விழுந்த இடத்தில் கிடக்கும், ஓடிப்போய் எடுக்கலாம். சீமெந்தில் அப்படியா? பந்து விழுந்த இடத்துக்கு எங்கள் பிள்ளைகள் உயிரைக் கொடுத்து ஓடுவார்கள், அது துள்ளி எதிரணிக்காரியின் கைக்குப் போயிருக்கும். ஏழு பேரும் வெறும் தரையைக் குனிந்து பார்த்துக்கொண்டு நின்றார்கள். பார்த்தவர்கள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். மெரிட்டா அக்கா என் காதுக்குள், "அந்தப் பந்து ஏன் சுபா திரும்பி எழும்புது?" என்று கேட்டார். அன்றைக்கு எங்களுக்கு விழுந்த கோல்களை எண்ணுவதை நான் பாதியில் நிறுத்திவிட்டேன்.

வரும் வழியில் பஸ்ஸில் அவர் ஒரு முடிவுக்கு வந்தார். "பந்த நிலத்தில விழ விட்டாத்தானே இந்தப் பிரச்சினை. இனி விழவே விடக்கூடாது." கேட்கும்போது எனக்குப் பைத்தியக்கார யோசனையாகத்தான் பட்டது. ஆனால் அந்த வருடம் முழுவதும் பிள்ளைகள் பிடித்துப் பிடித்தே பழகினார்கள். அலைக்குள் நின்று பிடித்தார்கள். காற்று இழுத்துக்கொண்டு போகும் பந்தைப் பாய்ந்து பிடித்தார்கள். அடுத்த வருடம் எங்களைக் கண்டு யாரும் சிரிக்கவில்லை. வெல்லவும் இல்லை, ஆனால் கிட்ட வந்து தோற்றோம்.

அப்படி இருக்கும்போதுதான் பணிப்பாளர் ஒரு நிபந்தனை போட்டார். இந்த வருடப் போட்டிகளில் ஒன்றையாவது வென்றால் குழு இருக்கும். இல்லாவிட்டால் பெண்கள் குழுவைக் கலைத்துவிட்டு அந்தச் செலவையும் கிரிக்கெட்டுக்குக் கொடுத்துவிடுவார். முதல் இரண்டு போட்டிகளிலும் தோற்றோம். மிஞ்சியது ஒன்று. அன்று வென்றால் குழு உண்டு, தோற்றால் இல்லை.

எங்களிடம் இருந்தது எட்டுப் பேர். ஏழு பேர் இறங்க வேண்டும், எட்டாவது ஆள் சபியா. அவளைவிட ஆசையாக யாரும் பயிற்சிக்கு வந்ததில்லை, அவளைவிட மோசமாக யாரும் பந்தைப் பிடித்ததும் இல்லை. இதை அவளே சொல்லிச் சிரிப்பாள் என்பதால் எழுதுகிறேன். சட்டப்படி அவளையும் இறக்கத்தான் வேண்டும். ஆகவே நான் ஒரு கணக்குப் போட்டுக் கொடுத்தேன். போட்டி நான்கு கால்பகுதி. முதல் பகுதியில் சபியாவை இறக்கிவிட்டால் சட்டமும் காப்பாற்றப்படும், விழுகிற கோல்களை மற்ற மூன்றிலும் சரிக்கட்டலாம். மெரிட்டா அக்காவும் தலையை ஆட்டினார்.

போட்டி தொடங்கும் நேரம் பார்த்தால் சபியா வெளியில் நிற்கிறாள். "இவள்ட வாப்பா இண்டைக்கு வாறாராம். கடையப் பூட்டிட்டு வரோணும், சுணங்கும். வரட்டும்" என்றார் மெரிட்டா அக்கா. சபியாவின் வாப்பாவுக்குக் காலி வீதி என்னும் பெருந்தெருவில் துணிக்கடை. பெருநாள் தவிர வேறு நாளில் அந்தக் கடை பூட்டி ஒருவரும் பார்த்ததில்லை. இரண்டாவது பகுதியும் போனது, மூன்றாவதும் போனது. நாங்கள் இரண்டு கோல் முன்னுக்கு நின்றோம். அந்த நேரம் பார்த்து மனிதர் வியர்த்து வழிந்துகொண்டு வந்து சேர்ந்தார், கையில் கடைச் சாவிக் கொத்து.

"அக்கா, வேண்டாம்" என்றேன். "வெண்டுட்டம் அக்கா. இப்ப இவளை விட்டால் எல்லாம் போயிடும்."

"பேர் குடுத்திருக்கிறாள் சுபா" என்றார். கோலைத் தடுக்கும் எங்கள் காவல்காரிகளில் சிறந்தவளை வெளியில் எடுத்துவிட்டுச் சபியாவை இறக்கினார்.

அவள் முடிந்தவரை ஓடினாள். கடைசி நிமிடம், இரண்டு பக்கமும் சமம். உயரமாக வந்த பந்து அவள் விரலில் பட்டுத் தரையில் விழுந்தது. சபியா பந்து விழுந்த இடத்துக்குப் பாய்ந்தாள். மணலில் பழகிய கால்கள் அல்லவா. பந்து துள்ளிப் போய்விட்டது, எதிரணிக்காரி எடுத்துப் போட்டாள். ஒரு கோலால் தோற்றோம். சபியா அந்த இடத்திலேயே குந்தி இருந்துவிட்டாள். அவளுடைய வாப்பா கைதட்டிக்கொண்டே இருந்தார். யார் வென்றது என்று மனிதருக்கு விளங்கவில்லையோ, விளங்கியும்தான் தட்டினாரோ, எனக்குத் தெரியாது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் நான் ஏசினேன். பக்கத்து இருக்கைக்காரர்கள் திரும்பிப் பார்க்கும் அளவுக்கு ஏசினேன். "உங்களுக்குக் கவலையே இல்லையா அக்கா?"

"இல்லாம?" என்றார். அவருடைய முகம் முழுக்கக் கண்ணீர். "நெஞ்சு எரியுது சுபா. அந்தக் குழு என்ட உசிரு. ஆனா உடுத்திட்டு வந்த புள்ளய வெளிய இருத்தி வச்சி, அவள்ட வாப்பாக்கு நான் எந்த முகத்தக் காட்டுறது?" கைக்குட்டையைக் கொடுத்தேன்.

திங்கட்கிழமை குழு கலைக்கப்பட்டதாக அறிவித்தல் பலகையில் போட்டார்கள். வியாழக்கிழமை பின்னேரம் நான் வீட்டுக்குப் போக இறங்கினால், படிக்கட்டில் மெரிட்டா அக்கா அந்தப் பெயின்ட் வாளியைத் தனியாக இழுத்துக்கொண்டு போகிறார். "குழுவைத்தானே கலைச்சாங்க. கடலக் கலைக்கல்லயே" என்றார். எட்டுப் பேரும் ஏற்கனவே தண்டவாளத்துக்கு அந்தப் பக்கம் நின்றார்கள். நானும் கடந்து போய் அவர்களுடைய பைகளை வாங்கிக்கொண்டேன்.

அப்படித் தொடங்கியதுதான் வியாழக்கிழமைக் குழு. போட்டி இல்லை, சீருடை இல்லை, கேடயம் இல்லை. படித்து முடித்தவர்களும் வந்தார்கள், வேலைக்குப் போனவர்களும் வந்தார்கள். போரின் நெருக்கடியான வருடங்களில் ஒரு நாள் இளம் பொலிஸ்காரர் ஒருவர் எங்களை நிறுத்தி, இங்கே கூட்டமாக என்ன செய்கிறீர்கள் என்று சிங்களத்தில் கேட்டார். பிள்ளைகள் பயந்து அடையாள அட்டைகளை எடுத்தார்கள். மெரிட்டா அக்கா அசையவில்லை. "ப்ரெக்டிஸ், மல்லி" என்றார், தம்பி என்று சிங்களத்தில் கூப்பிட்டு.

எந்தப் போட்டிக்கு என்று பொலிஸ்காரர் கேட்டார். வியாழக்கிழமைக்கு என்றார் இவர். இன்றைக்குத்தானே வியாழக்கிழமை என்றார் பொலிஸ்காரர். அப்படியென்றால் வருகிற வியாழக்கிழமைக்கு என்று இவர் சிங்களத்தில் சொன்னபோது, அந்தப் பையனுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. அட்டைகளைப் பார்த்துக் கொடுத்துவிட்டுப் போனார். பிறகு வீடு போய்ச் சேரும்வரை மெரிட்டா அக்காவின் கை குளிர்ந்து போய் இருந்ததை நான் மட்டும் அறிவேன்.

போன மாதம் அவருடைய கொட்டாஞ்சேனை வீட்டுக்குப் போயிருந்தேன். கட்டிலோடு இருந்தார், குரல் அடங்கிவிட்டது. போன வியாழன் யார் யார் வந்தார்கள் என்று ஒவ்வொருவராக விசாரித்தார். நான் எழும்பும்போது சேலைத் தலைப்பைப் பிடித்து, "நீ மட்டும் இன்னும் பேர் குடுக்கல்ல" என்றார். முழங்கால் நோவைச் சாட்டாகச் சொல்லிவிட்டு வந்தேன்.

அடக்கம் முடிந்து கல்லறைத் தோட்ட வாசலில் நின்றபோது சபியா என் கையைப் பிடித்துக்கொண்டாள். இப்போது வாப்பாவின் கடையை நடத்துகிறவள் அவள்தான். "வாப்பா நான் விளையாடினதப் பாத்தது அன்டைக்கு மட்டுந்தான் மிஸ். மவுத்தாகுற வரைக்கும் அதச் சொல்லிட்டு இருந்தாங்க. தோத்தத ஒரு நாளும் சொல்லல்ல" என்றாள்.

அதற்கு அடுத்த வியாழக்கிழமை கடற்கரைக்குப் போனேன். யாரும் யாரையும் கூப்பிடவில்லை, எல்லோரும் வந்திருந்தார்கள். நரைத்தவர்கள், கண்ணாடி போட்டவர்கள், மகளைக் கூட்டிக்கொண்டு வந்தவர்கள். கம்பம் நட்டாயிற்று. நான் வழக்கம்போலப் பைகளைச் சேர்த்துக்கொண்டு பாறைப் பக்கம் நடந்தேன். சபியா குறுக்கே வந்து பைகளை என் கையிலிருந்து வாங்கி மணலில் வைத்தாள்.

"ஒரு ஆள் குறையுது மிஸ்."

செருப்பைக் கழற்றினேன், சேலைத் தலைப்பை இடுப்பில் செருகினேன். சின்னப் பிள்ளைகளைப்போல எல்லோருக்கும் கேட்க என் பெயரைச் சொன்னேன். யாரோ எறிந்த பந்து நெஞ்சில் பட்டுக் கீழே விழுந்தது. மணல் அல்லவா, விழுந்த இடத்திலேயே எனக்காகக் கிடந்தது. மெல்லக் குனிந்து எடுத்துச் சபியாவுக்கு எறிந்தேன்.

மெரிட்டா அக்காவிடமிருந்து எனக்கு மிஞ்சியது இதுதான், வாரத்தில் ஒரு பின்னேரம். மூச்சு வாங்க நாங்கள் கரையேறும்போது சபியா கேட்டாள்: "வார வியாழனும் வருவீங்கதானே மிஸ்?"

"ஓம்" என்றேன். "பேர் குடுத்திட்டன்தானே."