ஹெட்டி சுற்றிக்காட்டிய மாளிகை

ஹாலோ கோர்ட் மாளிகையில் எத்தனை அறைகள் என்று கேட்டால் அதன் சொந்தக்காரி லேடி செலினாவே சற்று யோசிப்பாள். ஹெட்டி லஸ்கோம்ப் யோசிக்கமாட்டாள். பதினாலு வயதில் நெதர்கோம்ப் கிராமத்திலிருந்து அங்கே வேலைக்கு வந்தவள். முப்பத்திரண்டு வருஷமாக அத்தனை அறைகளையும் மண்டியிட்டுத் துடைத்தவள்.

1953 கோடையில் மாளிகையின் கூரை தாங்கமுடியாமல் ஒழுகியது. அதைச் செப்பனிடப் பணம் வேண்டும். சனிக்கிழமைகளில் சீட்டுக்குக் காசு வாங்கிக்கொண்டு ஜனங்களை உள்ளே விட்டுப் பார்ப்போம் என்று லேடி செலினா துணிந்தாள். சுற்றிக்காட்டும் பொறுப்பு ஓய்வுபெற்ற பள்ளி ஆசிரியர் பொமராய்க்கு. மனிதர் ஒரு மாதமாக ராஜாக்களின் ஆண்டுகளை உரக்கச் சொல்லிச் சொல்லி மனப்பாடம் செய்தார். முதல் சனிக்கிழமை காலை வாயைத் திறந்தால் வெறும் காற்றுதான் வந்தது.

வாசலில் பிரிஸ்டல் பஸ்ஸிலிருந்து நாற்பது பேர் இறங்கிக்கொண்டிருந்தார்கள்.

"ஹெட்டி, நீ போ" என்றாள் லேடி செலினா.

"நானா? எந்த ராஜா எப்ப செத்தான்னு கேட்டா நான் எங்கே போவேன்மா?"

"வீடு தெரியும்ல? ஏப்ரனைக் கழட்டிட்டுப் போ."

கூடத்துச் சுவரில் தொங்கிய முதல் படத்துக்கு முன்னால் நின்றபோது ஹெட்டிக்கு நாக்கு ஒட்டிக்கொண்டது. தெரிந்ததைத்தானே சொல்லமுடியும்?

"இவரு மூணாவது பிரபு. பேரு... பேரு கிடக்கட்டும். தூசி முதல்ல இவரு மூக்குலதான் படியும். வாரத்துக்கு ரெண்டு தடவ துடைச்சு விடணும். பெத்த தாய்கூட இவருக்கு இவ்வளவு செஞ்சிருக்க மாட்டா."

கூட்டம் கொல்லென்று சிரித்தது. அவ்வளவுதான், ஹெட்டியின் பயம் போன இடம் தெரியவில்லை. மழை பெய்தால் இறுகிக்கொள்ளும் நூலகக் கதவைக் காட்டி, "தோளால ஒரே இடி, திறந்துக்கும்" என்றாள். பருத்த அம்மாள் ஒருத்தி முன்னே வந்து இடித்தாள். கதவு திறந்தது, எல்லோரும் கைதட்டினார்கள்.

சாப்பாட்டுக்கூடத்து நீள மேசையில் ஒரு கறுத்த தழும்பு இருந்தது. சீட்டோடு கொடுத்த சிறு புத்தகத்தைப் புரட்டிக்கொண்டே வந்த கண்ணாடிக்காரர் குனிந்து பார்த்தார்.

"முன்னூறு வருஷத்துக்கு முன்னாடி நடந்த உள்நாட்டுப் போர்ல சிப்பாய்ங்க பழுக்கக் காய்ச்சின ஈட்டியை வெச்ச இடம்னு போட்டிருக்கு, இல்லீங்களா?"

"ஈட்டியுமில்ல, சிப்பாயுமில்ல சார். இஸ்திரிப்பெட்டி! நான்தான் வெச்சேன். அப்ப எனக்குப் பதினாறு வயசு. விரிப்பை மேசை மேலேயே போட்டுத் தேய்ச்சிட்டிருந்தேன். ஜன்னல் பக்கமா தோட்டக்காரப் பையன் வில்ஃப் போனான். வாயைப் பொளந்துட்டு நின்னுட்டேன்."

சிரிப்பு அடங்கவில்லை. ஹெட்டி திரும்பினாள். வாசற்படியில் லேடி செலினா நின்றிருந்தாள். முப்பது வருஷமாக யாரிடமும் மூச்சுவிடாத விஷயம்! ஹெட்டிக்கு முகம் வெளுத்துப்போனது.

"அம்மா..."

லேடி செலினா கைக்குட்டையால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அவளும் சிரித்துக்கொண்டுதான் இருந்தாள்.

"எனக்குத் தெரியாதுன்னா நெனச்ச? கரிஞ்ச வாசனை மாடி வரைக்கும் வந்துச்சு, ஹெட்டி. தெரிஞ்சா என் மாமியார் உன்னை அன்னிக்கே அனுப்பியிருப்பாங்க. நான் அப்ப கல்யாணமாகி வந்த புதுசு. இந்த வீட்ல என்னைப் பார்த்துச் சிரிச்ச ஒரே ஆளு நீதான். அந்த மேசையை விரிப்பில்லாம அவங்க ஒருநாளும் பார்த்ததில்ல. அதான் பழியை சிப்பாய்ங்க தலையில போட்டேன். அவங்க வந்து மறுக்கவா போறாங்க?"

"அப்ப இந்தப் புத்தகம்?" என்றார் கண்ணாடிக்காரர்.

"ஊரே நம்பிடுச்சு சார். அப்புறம் எப்படி மாத்தறது?" என்றாள் லேடி செலினா.

ஹெட்டி எசமானியின் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"அந்த வில்ஃப் என்ன ஆனான்?" என்று கதவை இடித்த அம்மாள் கேட்டாள்.

ஹெட்டி ஜன்னலைத் திறந்து கத்தினாள். "வில்ஃப்! தொப்பியைக் கழட்டு! உன்னைப் பார்க்க நாப்பது பேரு வந்திருக்காங்க!"

ரோஜாப் பாத்திக்கு நடுவிலிருந்து ஒரு வழுக்கைத்தலை எழுந்தது.

"என்னடி இது, மானத்தை வாங்குற?" என்றார் அவள் புருஷன். கைதட்டலில் அவர் காதுவரை சிவந்துபோனார்.

அடுத்த சனிக்கிழமை மூன்று பஸ்கள் வந்தன. பொமராய்க்குக் குரல் திரும்பியும் அவர் சந்தோஷமாக வாசலில் உட்கார்ந்து சீட்டுக் கிழித்தார். ஆற்றுக்கு அக்கரையில் இருந்த மார்ஷ் மேனர் மாளிகையின் சர் லயனலும் தொப்பியைக் கையில் பிடித்தபடி ஹெட்டியைத் தேடி வந்தார். ஞாயிற்றுக்கிழமைகளில் தன் வீட்டையும் சுற்றிக்காட்ட வேண்டுமாம்.

"உங்க வீட்ல நான் துடைச்சதே இல்லையே சார். எனக்கு என்ன தெரியும்?" என்று தயங்கிய ஹெட்டி, கொஞ்சம் யோசித்துவிட்டுச் சொன்னாள்: "ஒரு வாரம் டைம் குடுங்க. கூட ஒரு வாளியும் துணியும்."