ஈர்க்கு அளவில் ஒரு சப்பாத்து

விமலேஸ்வரிக்கு அறுபத்து நான்கு வயது. அக்கராயன் குளத்தின் கீழே மூன்று ஏக்கர் வயல், கல்வீடு, வவுனியாவில் அரசாங்க உத்தியோகம் பார்க்கும் ஒரே மகன், அலுமாரிக் கண்ணாடிக்குப் பின்னால் ஒரு குடை, ஒரு பிளாஸ்க், ஒரு கேத்தல். இவற்றில் கடைசி மூன்றும்தான் அவளுக்குப் பெரிய சொத்து. முதியோர் சங்கத்து விளையாட்டு விழாவில், அறுபது கடந்த பெண்களுக்கான வேகநடையில் மூன்று வருடம் தொடர்ந்து முதலாமிடம் வந்து வாங்கியவை. எவ்வளவு மழை பெய்தாலும் அந்தக் குடை வெளியே வராது. கேத்தலில் ஒரு சொட்டுத் தண்ணீர்கூடக் கொதித்ததில்லை. வீட்டுக்கு வருகிறவர்கள் தாமாக விசாரிக்காவிட்டால், அலுமாரியைத் துடைக்கிற சாட்டில் அவளே பேச்சை அந்தப் பக்கம் திருப்பிவிடுவாள்.

அந்த மூன்று வருடமும் இரண்டாவதாக வந்தவள் சிவலட்சுமி. அவளுடைய தகப்பன் பழனியாண்டி மலைநாட்டுத் தேயிலைத் தோட்டமொன்றிலிருந்து குடும்பத்தோடு வன்னிக்கு வந்தவர். சிவலட்சுமி இளம்பெண்ணாக இருந்த காலத்தில் விமலேஸ்வரியின் வயலில்தான் களை பிடுங்கினாள், நாற்று நட்டாள். அப்போது ‘அம்மா’ என்று கூப்பிட்டாள். சங்கத்தில் சேர்ந்த பிறகு, எல்லோரும் அங்கே அப்படித்தான் கூப்பிடுகிறார்கள் என்று, ‘அக்கா’ ஆக்கிவிட்டாள். விமலேஸ்வரிக்கு அது அவ்வளவு பிடிக்கவில்லை. ஆனாலும் தனக்குப் பின்னால் வருகிறவள் எப்படிக் கூப்பிட்டால் என்ன என்று பெரிய மனதோடு விட்டுவிட்டாள்.

இப்படி நல்லபடியாகப் போய்க்கொண்டிருந்த உலகத்தில், ஆவணி மாதக் கூட்டத்துக்குச் சிவலட்சுமி சப்பாத்துப் போட்டுக்கொண்டு வந்தாள். சேலைக்குக் கீழே, ஊதா நிறத்தில், வெள்ளை அடியோடு, ஓட்டக்காரர்கள் போடுகிற சப்பாத்து. கூட்டத்தில் கணக்கறிக்கை வாசித்ததை ஒருவரும் கேட்கவில்லை. எல்லோருடைய கண்ணும் தரையில்தான் இருந்தது.

கூட்டம் முடிந்ததும் பெண்கள் அவளைச் சுற்றிக்கொண்டார்கள். அவள் ஒளிக்காமல் எல்லாம் சொன்னாள். குதிக்கால் நோவு என்று கிளினிக்கில் காட்டியபோது, தட்டைச் செருப்பை விட்டுவிட்டுக் காலைத் தாங்குகிற சப்பாத்தாகப் போடச் சொன்னார்களாம். மருமகள் தனுஷா ஆடைத் தொழிற்சாலையில் நாள் முழுக்க நின்று வேலை செய்கிறவள். கால்நோவு என்னவென்று தெரிந்தவள். அவள்தான் கிளிநொச்சிக்குக் கூட்டிக்கொண்டு போனாளாம். அதுவும் பின்னேரத்தில். காலையில் கால் மெலிந்து பொய் சொல்லும், நடந்து திரிந்து வீங்கின பிறகுதான் உண்மையைச் சொல்லும் என்றாளாம். கடைக்குள் நிலத்தில் குந்தி, மாமியாரின் காலில் ஏழு சோடி மாட்டிக் கழற்றினாளாம். பெருவிரலுக்கு முன்னால் ஒரு விரற்கடை இடம் இருக்கிறதா என்று அழுத்திப் பார்த்தாளாம். சப்பாத்தைக் கையில் வளைத்து, நடுவில் மடிந்தால் வேண்டாம், விரல்கள் மடிகிற இடத்தில் மடிந்தால்தான் எடுப்போம் என்று கடைக்காரரோடு மல்லுக்கு நின்றாளாம். கடைசியில் கடைக்குள்ளேயே இவளை அங்குமிங்கும் நடக்கவிட்டு, ஒரு மணித்தியாலம் சென்ற பிறகு வாங்கிக் கொடுத்தாளாம்.

விமலேஸ்வரிக்கு வயிறு பற்றி எரிந்தது. சப்பாத்தைப் பார்த்து எரிந்தது ஒரு பங்கு என்றால், அந்த ஒரு மணித்தியாலத்தைக் கேட்டு எரிந்தது மூன்று பங்கு. அவளுக்கும் குதிக்கால் நோவு இருந்தது. காலையில் கட்டிலால் இறங்கி முதல் அடி வைக்கும்போது நெருஞ்சி முள்ளில் மிதித்ததுபோல இருக்கும். சுவரைப் பிடித்தபடிதான் தேத்தண்ணி வைக்கக் குசினிக்குப் போவாள். இதை அவள் ஒருவருக்கும் சொல்லவில்லை. முதலாமிடம் வருகிறவளுக்குக் கால்நோவு என்று ஊர் கதைக்கக் கூடாதல்லவா. கணவர் சிற்றம்பலம் இருந்தவரையில் அவருக்குத் தெரிந்திருந்தது. அவர் போய் ஆறு வருடமாகிறது. அதன்பின் அவளுடைய காலைப் பற்றி விசாரித்தவர் ஒருவருமில்லை.

வீட்டுக்குப் போகிற வழி முழுக்க அவள் பழைய கதையை நினைத்துத் தன்னைத் தேற்றிக்கொண்டாள். அக்கராயனில் முதன்முதல் தோல் செருப்புப் போட்டு நடந்த பெண் தானல்லவா. கலியாணமாகி வந்த புதிதில், யாழ்ப்பாணத்தில் வாங்கிய சிவப்பு வார் வைத்த செருப்பு. வயலில் வேலை செய்கிறவர்களுக்குத் தேத்தண்ணி கொண்டுபோகும்போது அதை வரம்பில் கழற்றிவிட்டு இறங்குவாள். ஒரு நாள் ஏறி வந்து பார்த்தால் செருப்புக்குள் சேற்றுக் கால் அடையாளம். யார் போட்டது என்று வரம்பில் நின்று சத்தம் போட்டாள். ஒருவரும் வாய் திறக்கவில்லை. வாய்க்காலுக்குக் கொண்டுபோய் மூன்று தரம் கழுவி, ஒரு கிழமை, ஏழு நாளும் வெயிலில் காயவிட்ட பிறகுதான் திரும்பக் காலில் போட்டாள். அந்த நாளில் தன் செருப்புக்கு இருந்த மரியாதை அப்படி என்று இப்போதும் அவளுக்குப் பெருமையாக இருந்தது.

ஆனால் பழைய பெருமை ஐப்பசி விழாவுக்கு உதவாது. இந்த வருடம் சிவலட்சுமி முந்திவிடுவாள் என்று அவளுக்கு நிச்சயமாகத் தெரிந்தது. அவளிடம் இருக்கிற அதே சப்பாத்து, நிறத்தில்கூடக் கொஞ்சமும் குறையாமல், தன்னிடமும் இருந்தாக வேண்டும். அளவு கேட்டுப் போகலாம்தான். தன் வயலில் களை பிடுங்கியவளிடம் போய்ச் சப்பாத்து நம்பர் கேட்பதா?

எங்கள் பக்கத்தில் பட்டணத்துக்குப் போகிறவரிடம் கால் அளவு கொடுத்துவிட ஒரு வழி இருக்கிறது. தென்னோலை ஈர்க்கைக் குதிக்காலிலிருந்து பெருவிரல் வரைக்கும் வைத்து முறித்துக் கொடுத்துவிட்டால், போகிறவர் அதைச் சட்டைப்பையில் வைத்துக்கொண்டு போவார். கடையில் செருப்பின் மேல் வைத்துப் பார்த்து எடுப்பார்கள். திறந்த செருப்புக்கு அது எந்தக் காலத்திலும் பிழைத்ததில்லை.

அடுத்த வெள்ளிக்கிழமை பிள்ளையார் கோயில் வாசலில் ஊதாச் சப்பாத்து தனியாகக் கிடந்தது. சிவலட்சுமி உள்ளே கண்ணை மூடிக் கும்பிட்டுக்கொண்டு நின்றாள். விமலேஸ்வரி முற்றம் கூட்டுகிற ஈர்க்குமாற்றிலிருந்து ஓர் ஈர்க்கை உருவினாள். சேலைத் தலைப்பைச் சரிசெய்கிறவள்போலக் குனிந்து, சப்பாத்தைக் கவிழ்த்து, அடியின் இந்த முனையிலிருந்து அந்த முனை வரைக்கும் வைத்து நகத்தால் முறித்தாள். முறித்த ஈர்க்கைப் பார்த்தபோது அன்றைக்கு முதன்முறையாக மனம் குளிர்ந்தது. இவ்வளவு நீளமா அவளுக்குக் கால்? பெண்ணுக்கு அழகான கால் இல்லையே பாவம் என்று சந்தோசமாகப் பரிதாபப்பட்டாள். அன்று பிள்ளையாரைக் கும்பிட மறந்துபோனாள்.

மாத முடிவில் மகன் நிருஷன் வந்தான். சாப்பிடும்போதும் கைத்தொலைபேசியில்தான் இருந்தான். அவள் நிறத்தைச் சொல்லி, ஈர்க்கைக் கொடுத்தாள்.

“ஆரின்ரை கால் அம்மா இது?”

“என்ரை கால்தான். வேற ஆரின்ரை?”

அவனுக்கு எதிரே, மேசைக்குக் கீழே, அவளுடைய இரண்டு கால்களும் இருந்தன. அவன் குனிந்து பார்க்கவில்லை. ஈர்க்கைச் சட்டைப்பையில் செருகிக்கொண்டு பஸ் ஏறினான்.

விழாவுக்கு முதல்நாள் சப்பாத்து பார்சலில் வந்தது. அதே ஊதா, அதே வெள்ளை அடி. வவுனியாக் கடைக்காரர் ஈர்க்கைச் சப்பாத்துக்குள்ளே விட்டுப் பார்த்துச் சரியாக எடுத்திருந்தார். வெளியே அளந்தது உள்ளே போனால் என்ன ஆகும்? விமலேஸ்வரியின் கால் அதற்குள் போய் நின்ற பிறகும் முன்னால் இரண்டு விரல், பின்னால் ஒரு விரல் இடம் மிச்சமாக இருந்தது. மகனைத் திட்ட வாய் வரவில்லை. பழைய சேலையொன்றைக் கிழித்து முன்னால் அடைத்தாள். நாடாவை எவ்வளவு இறுக்க முடியுமோ அவ்வளவு இறுக்கினாள். நடந்து பார்த்தாள். போதும், நாளைக்கு ஒரு நாள்தானே என்று சொல்லிக்கொண்டாள்.

விழா பாடசாலை மைதானத்தில் நடந்தது. மைதானத்தை ஒரு சுற்று. இரண்டு சோடி ஊதாச் சப்பாத்துகள் கோட்டில் நின்றதைப் பார்த்துச் சனம் சிரித்தது. சிவலட்சுமி இவளுடைய காலைப் பார்த்தாள், பிறகு முகத்தைப் பார்த்தாள். விசில் ஊதினார்கள். முதல் பாதியில் விமலேஸ்வரிதான் முன்னால். சப்பாத்துக்குள் கால் முன்னும் பின்னும் போய் வந்துகொண்டிருந்தது. குதிக்காலில் தோல் உரிவது தெரிந்தது. அவள் பல்லைக் கடித்துக்கொண்டு நடந்தாள். பின்னால் சிவலட்சுமியின் காலடி ஒரே சீராகக் கேட்டது. வளைவில் திரும்பியபோது வலது சப்பாத்து கழன்று, கிழிந்த சேலைத் துணியோடு பாதையில் விழுந்தது.

அவள் நிற்கவில்லை. ஒரு காலில் சப்பாத்தும் ஒரு காலில் ஒன்றுமில்லாமலும் தெத்தித் தெத்தி நடந்தாள். சிவலட்சுமி அவளைத் தாண்டிப் போனாள். பூநகரிப் பக்கத்திலிருந்து வந்து இங்கே குடியிருக்கிற அமராவதியும் தாண்டிப் போனாள். அதற்குப் பிறகு யார் யார் தாண்டினார்கள் என்று அவள் எண்ணவில்லை. கடைசியாக வந்து சேர்ந்தபோது சனம் கைதட்டியது. அந்தக் கைதட்டல்தான் அவளுக்குத் தாங்க முடியாமல் இருந்தது. சிவலட்சுமிக்கு முதல் பரிசாகக் கொடுத்த சோற்றுச் சட்டியைப் பார்த்துவிட்டு, வேப்பமரத்துக்குக் கீழே போய் எல்லோருக்கும் முதுகைக் காட்டிக்கொண்டு இருந்தாள். சிவலட்சுமி சிரித்துக்கொண்டு படம் எடுக்க நின்றாள். சிரிக்கட்டும், அவளுக்கு என்ன, நிலத்தில் குந்திச் சப்பாத்து மாட்டிவிட மருமகள் இருக்கிறாள்.

படம் எடுத்து முடிந்ததும் சிவலட்சுமி கழன்ற சப்பாத்தைக் கையில் எடுத்துக்கொண்டு வந்தாள். உள்ளே கையை விட்டு, மிச்சத் துணியை இழுத்து எடுத்தாள்.

“கோயில்ல அளந்தது இதுக்குத்தானா அக்கா? கேட்டிருந்தா கழட்டியே தந்திருப்பேனே.”

கண்ணை மூடிக் கும்பிட்டவளுக்கு இது எப்படித் தெரிந்தது என்று விமலேஸ்வரி கேட்கவில்லை. பூமி பிளந்து தன்னை விழுங்கட்டும் என்றிருந்தது. சிவலட்சுமி பக்கத்தில் இருந்து, இவளுடைய உரிந்த குதிக்காலைப் பார்த்தாள். நோவு எவ்வளவு நாளாக இருக்கிறது என்று கேட்டாள். ஏழெட்டு வருடம் என்று விமலேஸ்வரி சொன்னாள். ஏன் சொன்னாள் என்று அவளுக்கே தெரியவில்லை. ஆறு வருடமாக ஒருவரும் கேட்காத கேள்வி என்பதால் வாய் தானாகச் சொல்லிவிட்டது.

புண் ஆறியதும், ஒரு புதன்கிழமை, நாலு மணி பஸ்ஸில் இருவரும் கிளிநொச்சிக்குப் போனார்கள். தனுஷாவுக்கு அன்று வேலை. நானே வாறேன் என்று சிவலட்சுமி வந்திருந்தாள். கடைக்குள் நுழைந்ததும் விமலேஸ்வரி கதிரையில் இருந்தாள். கடைக்காரப் பிள்ளை அளவு கேட்டாள். விமலேஸ்வரி வாய் திறக்க முன்பே சிவலட்சுமி சொல்லிவிட்டாள்: என்னுடைய நம்பர்தான், முப்பத்தெட்டு, முன்பக்கம் அகலமாக எடுங்கள் என்று. பிறகு நிலத்தில் குந்தி, விமலேஸ்வரியின் வலது காலைத் தன் மடிமேல் எடுத்து வைத்து, காலுறை மாட்டி, சப்பாத்தைப் போட்டு, பெருவிரலுக்கு முன்னால் அழுத்திப் பார்த்தாள். ஒரு விரற்கடை இடம் இருந்தது. குதிக்காலை அது கையால் பிடித்ததுபோலப் பிடித்துக்கொண்டது. அப்படி ஒரு சுகம்.

விமலேஸ்வரிக்கு அந்தச் சுகத்திலும் ஒரு சந்தேகம் வந்தது.

“என்ரை அளவு உனக்கு எப்பிடித் தெரியும்?”

சிவலட்சுமி நாடாவைக் கட்டிக்கொண்டே, தலை நிமிராமல் சொன்னாள்.

“ஒங்ககிட்ட செவப்பு வார் வச்ச செருப்பு ஒண்ணு இருந்திச்சில்ல. வரம்புல கழட்டி வச்சிட்டு எறங்குவீங்க. ஒரு நாளு நீங்க அங்கிட்டு திரும்பின நேரம் நான் கால விட்டுப் பாத்தேன். எனக்கே தச்ச மாதிரி இருந்திச்சு. அன்னைக்கிலிருந்து ஒங்க மேல அப்படி ஒரு எரிச்சல் அக்கா. எத்தன வருசம்னு கேக்காதீங்க.”

முடிச்சை இன்னொரு தரம் இறுக்கினாள்.

“நீங்க அத வாய்க்கால்ல கழுவுனப்பவும் நான் நாத்துக் கட்டோட பக்கத்துலதான் நின்னேன்.”

கடைக்காரப் பிள்ளை வேறொருவருக்குப் பெட்டி எடுக்கப் போயிருந்தாள். விமலேஸ்வரி மனதுக்குள் வரம்பைப் பார்த்தாள், வாய்க்காலைப் பார்த்தாள், மூன்று தரம் கழுவிய தன் இரண்டு கைகளையும் பார்த்தாள். இத்தனை காலமும் பெருமையாக வைத்திருந்த அந்த நாளைக் கொண்டுபோய் எங்கே வைப்பதென்று தெரியவில்லை.

“நீ எழும்பு சிவலட்சுமி,” என்றாள். “மற்றதை நான் போடுறன்.”

குனிந்தாள். முதுகு பாதியில் நின்றுவிட்டது. விரல்கள் முழங்காலைத் தாண்டவில்லை. இன்னொரு தரம் குனிந்து பார்த்தாள்.

“மத்த காலையும் குடுங்க அக்கா,” என்றாள் சிவலட்சுமி.

விமலேஸ்வரி கொடுத்தாள்.