முனிரத்தினம் திறக்க மறுத்த கோப்பு

போன செவ்வாய்க்கிழமை காலை, பிரேயர் மணி அடிக்கும் நேரத்தில் பத்மாவதி போன் செய்தாள். "அக்கா, கம்ப்யூட்டர் கடை முனிரத்தினம் அண்ணன் போயிட்டாராம்க்கா" என்றாள். சிறுநீரகக் கோளாறு என்று சில மாதங்களாகச் சென்னைக்கும் திருத்தணிக்கும் அவர் அலைந்துகொண்டிருந்தது தெரியும். ஆனாலும் மனது ஒப்பவில்லை. அன்று முதல் பீரியட் முழுக்கப் பிள்ளைகளைப் படிக்கச் சொல்லிவிட்டு ஜன்னல் பக்கம் சும்மா உட்கார்ந்திருந்தேன்.

தாலுகா ஆபீஸுக்கு ஒருமுறை போனவர்களுக்குக்கூட அவர் கடையைத் தெரியும். சான்றிதழுக்கு விண்ணப்பிக்க, பட்டா நகல் எடுக்க, மறந்துபோன பாஸ்வேர்டுக்காகப் புலம்ப, எல்லாவற்றுக்கும் அந்த ஒரே பெஞ்சுதான். ஒரு தாளைக்கூட அவர் கோணாமல் பிரிண்ட் எடுத்துத் தந்ததில்லை. அதைச் சொன்னால், "எழுத்து தெரியுதில்ல?" என்பார்.

பூட்டிய கோப்பைத் திறந்து தருவதில் அவருக்கு ஒரு வழக்கம் இருந்தது. உங்களில் பலரும் அதில் மாட்டியிருப்பீர்கள். திரையைத் தன் பக்கம் திருப்பிக்கொண்டு, "ஏழாவது பக்கத்துல இன்னா இருக்குது? பாக்காம சொல்லுங்க" என்பார். சொன்னால்தான் வேலை நடக்கும். ஒருநாள் நான் அங்கே காத்திருந்தபோது, சட்டையை இன் பண்ணிய ஒருவர் பென்டிரைவை நீட்டித் தன் சொந்தக் கோப்பு என்றார். ஒரு பக்கம்கூடச் சொல்லத் தெரியவில்லை. சத்தம் மட்டும் போட்டார். முனிரத்தினம் பென்டிரைவைத் திருப்பிக் கொடுத்து, "டீ சாப்ட்டுப் போங்க சார், இது நம்ம கடையில ஆவாது" என்றார். எனக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை.

மூன்று வருடத்துக்கு முன் அதே பெஞ்சில் நானும் உட்கார்ந்தேன். இதயம் பற்றிய பாடத்துக்கு நான் தயாரித்த ஸ்லைடுகளைத் திங்கட்கிழமை திருவள்ளூரில் ஆசிரியர் பயிற்சியில் காட்ட வேண்டும். புதிய பாடத்திட்டத்துக்கு ஏற்றபடி மாற்ற வேண்டும். ஆனால் கோப்பைப் பார்க்கத்தான் முடிந்தது. ஓர் எழுத்தைக்கூட மாற்ற முடியவில்லை. பூட்டியது வேறு யாருமில்லை, நான்தான். உடன் வேலை பார்த்த பத்மாவதி என்னைக் கேட்காமல் அதில் கைவைத்தாள் என்று ஸ்டாஃப் ரூமிலேயே அவளைத் திட்டிவிட்டு, ஆத்திரத்தில் பாஸ்வேர்டு போட்டிருந்தேன். அப்புறம் அவள் கனகம்மாசத்திரம் பள்ளிக்கு மாறுதலாகிப் போனாள். இரண்டு வருடம் பேச்சே இல்லை. பாஸ்வேர்டும் மறந்துபோயிற்று.

ஏழாவது பக்கத்தைக் கேட்டார், சொன்னேன். பதினைந்தாவது கேட்டார், பெருமையாகவே சொன்னேன். "கடைசிப் பக்கம்?"

"நன்றி. வேறென்ன இருக்கும்?"

திரையை என் பக்கம் திருப்பினார். 'நன்றி' என்பதற்குக் கீழே, 'படங்கள்: பத்மாவதி' என்று நானே தட்டச்சு செய்த வரி இருந்தது.

"ரெண்டு பேரு வேலை டீச்சர் இது. அவங்களும் ஒரு வார்த்த ஆங்னு சொல்லட்டும், தொறந்துடறேன்."

"பூட்டைத் திறக்க வந்தேனா, பஞ்சாயத்துக்கு வந்தேனா?" என்று கத்திவிட்டு வெளியே வந்தேன். கரும்புச்சாறு வண்டி அருகே பத்து நிமிடம் நின்றேன். எனக்கு வேறு வழியில்லை. போன் செய்தேன்.

"ஆங், சொல்லுக்கா" என்றாள் பத்மாவதி, நேற்றுப் பேசியவள் போல. விஷயத்தைச் சொன்னேன். "தொறந்துக்கோக்கா. தொறந்ததும் அந்த ரெண்டு வால்வு பேரயும் மாத்திடு. மூவிதழ் வால்வு எடது பக்கமா போயிடுச்சு. நான் வரைஞ்சது சரி, பேரு போடறப்பதான் மாறிப்போச்சு. அன்னிக்கு அதத் திருத்தத்தான் தொட்டேன். நீ பேசவே விடல."

வெட்கம் பிடுங்கித் தின்றது. பெஞ்சுக்குத் திரும்பி வந்து அவள் சொன்னதை அப்படியே சொன்னேன். முனிரத்தினம் முதலில் கோப்புக்கு ஒரு நகல் எடுத்தார். "முதல்ல ஜெராக்ஸ், அப்பறம்தான் ஆபரேசன்" என்பது அவர் பேச்சு. நகலைப் பிரித்து, உள்ளே பூட்டுக்கென்று இருந்த ஒரே ஒரு வரியை நீக்கினார். பூட்டு போய்விட்டது. நான் பெயர்களை மாற்றிக்கொண்டிருக்கையில், "அப்ப இத்தினி நாளா புள்ளைங்க தப்பாவா படிச்சாங்க?" என்று கேட்டார். குத்திக் காட்ட அல்ல, தெரிந்துகொள்ளத்தான் கேட்டார். புத்தகத்தில் சரியாகத்தான் இருந்தது. பிள்ளைகள் என் ஸ்லைடைத்தான் நம்பினார்கள்.

துக்கத்துக்கு நானும் பத்மாவதியும் சேர்ந்தே போனோம். அவர் மனைவி கணவரைப் பாவா என்றுதான் கூப்பிடுவார். என் கையைப் பிடித்துக்கொண்டு, "பாவா உங்கள வால்வு டீச்சர்னுதான் சொல்வாரு" என்றார். சிரித்துக்கொண்டே அழுதார். எனக்கும் அடக்க முடியவில்லை.

அந்தக் கோப்பின் முதல் பக்கத்தில் இப்போது இரண்டு பெயர்கள் இருக்கின்றன. பள்ளிக்குப் புதிதாக வந்த ஆசிரியை அதை வாங்கிப்போய், என்னைக் கேட்காமலே நான்கு பக்கங்களை மாற்றியிருக்கிறாள். நேற்றுத்தான் பார்த்தேன். பற்றிக்கொண்டு வந்தது. விரல் பாஸ்வேர்டு போடும் இடம் வரைக்கும் போனது. பிறகு அவளைக் கூப்பிட்டு, ஏன் மாற்றினாய் என்று கேட்டு, அவள் சொல்லி முடிக்கும்வரை வாயைத் திறக்காமல் இருந்தேன். முனிரத்தினத்திடமிருந்து எனக்குக் கிடைத்தது இவ்வளவுதான். எனக்கு இது பெரிது.