உங்களுக்கு இங்க ஓட்டு இருக்கா?

ஸ்ரீரங்கத்துக்குத் திரும்பி வந்த முதல் வருஷம், என்னைப் பார்த்தாலே எங்கள் ஃபிளாட்காரர்கள் லிஃப்டுக்குக் காத்திருக்காமல் படியில் இறங்கிவிடுவார்கள். நான் இங்கிலாந்துக் கதையை ஆரம்பித்துவிடுவேனோ என்ற பயம். அந்தப் பயத்தில் நியாயம் இருந்தது.

கதை இதுதான். அங்கே ஒரு சின்ன ஊரில் இருபத்திரண்டு வருஷம் இருந்தோம். நாற்பது குடும்பங்கள் சேர்ந்து ஒரு தமிழ்ச் சங்கம் வைத்திருந்தோம். வருஷா வருஷம் அந்த ஊர் நகரசபை ஒரு விழா நடத்தும். வெளியூரிலிருந்து வந்து குடியேறிய எல்லோரையும் கூப்பிடுவார்கள். நாங்கள் தோசை வார்ப்போம், கோலம் போடுவோம், பெண் பிள்ளைகள் பரதம் ஆடும். கைதட்டுவார்கள், தின்பார்கள், போய்விடுவார்கள். எங்கள் குழந்தைகள் பள்ளிக்கூடம் போகிற ரோட்டில் கார்கள் பறக்கும். அங்கே கடப்பதற்கு ஒரு வெள்ளைக்கோடு போட்டுத் தாருங்கள் என்று மூன்று வருஷமாகக் கடிதம் எழுதிக்கொண்டிருந்தோம். நான்காவது வருஷம் நகரசபைக் கூட்டத்துக்கே போய் எழுந்து நின்றேன். "எங்கள் தோசை பிடிக்கிறது, எங்கள் பேச்சு மட்டும் பிடிக்கவில்லையா?" என்று கேட்டேன். தலைமையில் இருந்த அம்மாள் மூக்குக்கண்ணாடியை ஏற்றிவிட்டுக்கொண்டு எழுதிக்கொண்டார். அடுத்த கோடைக்குள் ரோட்டில் கோடு விழுந்தது.

இதில் இன்னொரு பெருமையும் எனக்கு உண்டு. அப்போது என்னிடம் இருந்தது இந்தியப் பாஸ்போர்ட். காமன்வெல்த் நாட்டுக்காரர்கள் உள்ளூர்த் தேர்தலில் ஓட்டுப் போடலாம் என்று அங்கே சட்டம். அந்நியப் பிரஜையாக இருந்துகொண்டே நகரசபைக்கு ஓட்டுப் போட்டேன். அதையும் சேர்த்துத்தான் சொல்வேன், லிஃப்டில், மாடியில், காவிரி மேம்பாலத்தில் டிராஃபிக்கில் நிற்கிற ஆட்டோவில்.

பேசுகிற வாய்க்கு ஒரு வேலை கொடுப்போம் என்றுதான் என்னைக் குடியிருப்போர் நலச்சங்கத்துக்குச் செயலாளர் ஆக்கியிருக்க வேண்டும். நானும் புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டு இறங்கிவிட்டேன்.

எங்கள் தெருவுக்குப் பின்னால் கொள்ளிடக் கரைப் பக்கமாக ஒரு சந்து. லைன் வீடுகள். ஒடிசாக்காரர்கள் இருபது இருபத்தைந்து குடும்பம் அங்கே வாடகைக்கு இருக்கிறது. ஆண்கள் கட்டட வேலை, பெண்கள் மெஸ்ஸிலும் வீடுகளிலும் வேலை. அவர்களுக்கும் ஒரு சங்கம் உண்டு. போர்டு கிடையாது, பதிவு கிடையாது, ஒரு நோட்டுப் புத்தகம் மட்டும். ஞாயிற்றுக்கிழமை ஒரு தகரக் கொட்டகையில் கூடுவார்கள். புதிதாக வந்தவனுக்கு வீடு பார்ப்பது, காய்ச்சல்காரரைப் பெரியாஸ்பத்திரிக்குக் கூட்டிப்போவது, பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்தில் சேர்ப்பது எல்லாம் அங்கேதான் முடிவாகும். நோட்டுப் புத்தகம் ஒரு பெண்ணிடம் இருக்கும். முப்பத்தைந்து வயது இருக்கலாம். மெஸ்ஸில் சப்பாத்தி போடுகிறவள், இங்கே வந்து ஒன்பது வருஷம். அவர்களில் நன்றாகத் தமிழ் பேசுகிறவள் அவள் ஒருத்திதான். மற்றவர்களுக்குக் கடைத்தமிழ், கூலித்தமிழ், அவ்வளவே.

வார்டில் பகுதி சபைக் கூட்டம் வந்தது. கவுன்சிலர், மாநகராட்சி என்ஜினியர் எல்லாம் வந்து மக்கள் குறையைக் கேட்டு எழுதிக்கொள்வார்கள். எங்கள் பூங்காவில் நடைபாதைக்கு டைல்ஸ் பதிக்க வேண்டும் என்பது எங்கள் சங்கத்தின் கோரிக்கை. போன தடவை பதினோரு பேர் போனோம், யாரும் மதிக்கவில்லை. இந்தத் தடவை ஹால் நிறைந்திருக்க வேண்டும் என்று எனக்குப் பிடிவாதம். சந்துக்குப் போய் அந்தப் பெண்ணிடம் சொன்னேன்.

"கூட்டத்துக்கு உங்க ஆளுங்க எல்லாரும் வரணும். இது உங்க ஊரும்தானே? வரும்போது உங்க ஊர் பலகாரம் ஏதாவது பண்ணிட்டு வாங்க, எல்லாரும் சாப்பிட்டுப் பாக்கட்டும்."

அவள் முகம் மலர்ந்துவிட்டது. "அங்க நாங்களும் பேசலாமாக்கா?"

"தாராளமா" என்றேன்.

அரைநாள் வேலையை விட்டுவிட்டு இருபத்திரண்டு பேர் வந்தார்கள். தலை வாரி, இஸ்திரி போட்ட சட்டையோடு. இரண்டு பெரிய டப்பாவில் அரிசாப் பிட்டா. பார்த்தால் நம் அதிரசம்தான், மேலே எள் ஒட்டியிருக்கும். கடைசி இரண்டு வரிசையில் உட்கார்ந்தார்கள். ஹால் நிறைந்தது. எனக்கு உச்சி குளிர்ந்தது.

நான் நடைபாதையைப் பற்றிப் பேசி முடித்தேன். என்ஜினியர், "இந்தத் தடவை இந்தப் பக்கத்துக்கு ஒரு வேலைதாங்க எடுக்க முடியும்" என்றார். அந்த நேரம் பார்த்து அவள் எழுந்தாள். கையில் காகிதம். சந்து முனையில் சாக்கடைக்கு மேலே இருந்த சிலாப் உடைந்து ஒரு வருஷமாகிறது, மழை வந்தால் எது ரோடு எது சாக்கடை என்று தெரியாது, பிள்ளைகள் அதைத் தாண்டித்தான் பள்ளிக்கூடம் போகின்றன. இவ்வளவும் இரண்டே நிமிஷத்தில், தெளிவான தமிழில். என்ஜினியர் பேனாவைத் திறந்துவிட்டார்.

டைல்ஸ் போயிற்று என்று நினைத்தேன். சத்தியமாக அது ஒன்றுதான் நினைத்தேன். மைக் என் கையில் இருந்தது.

"ஒரு நிமிஷம். ஓட்டு இருக்கறவங்கதான் இங்க கோரிக்கை வைக்கலாம்னு விதி. உங்களுக்கு இங்க ஓட்டு இருக்காம்மா?"

அவள் என்னையே பார்த்தாள். "இல்லக்கா. ஊர்ல இருக்கு."

"அப்ப உக்காருங்க. டீ வந்துடுச்சு, அந்தப் பலகாரத்தக் குடுக்க ஆரம்பிக்கலாம்."

காகிதத்தை நாலாக மடித்து ரவிக்கைக்குள் வைத்துக்கொண்டாள். பக்கத்தில் இருந்தவர்கள் என்னவோ கேட்டார்கள், ஒடியாவில் ஏதோ சொன்னாள். பிறகு டப்பாவைத் திறந்து வரிசை வரிசையாகக் கொடுத்துக்கொண்டே வந்தாள். என்னிடம் வந்தபோது இரண்டு எடுத்துக்கொண்டேன். நன்றாக இருக்கிறது என்று வேறு சொன்னேன்.

விதியில் அப்படி ஒரு வரி இருக்கிறதுதான். ஆனால் எங்கள் வார்டில் அதை யார் பார்த்தார்கள்? எதிர் ஃபிளாட்காரருக்கு ஓட்டு பெங்களூரில். எல்லாக் கூட்டத்திலும் அவர்தான் அதிக நேரம் பேசுவார். அவரை விடுங்கள். எனக்கே இங்கே ஓட்டு இல்லை. வருவதற்கு ஆறு வருஷம் முன்பு, ஏர்போர்ட்டுகளில் சௌகரியமாக இருக்கும் என்று இந்தியப் பாஸ்போர்ட்டைக் கொடுத்துவிட்டு பிரிட்டிஷ் பாஸ்போர்ட் வாங்கிக்கொண்டேன். சட்டப்படி நான் இந்த ஊரில் அந்நியப் பிரஜை. ஒடிசாக்காரி இந்த நாட்டுக் குடிமகள். அந்த ஹாலில் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருக்க வேண்டியவள் நான். மாமியார் உடைத்தால் மண்குடம் என்பது இத்தனை நாள் யாரோ ஒரு மாமியாரைப் பற்றிய பழமொழி என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

இதெல்லாம் அன்றே உறைத்தது என்று சொன்னால் பொய். அன்று ராத்திரி நன்றாகத்தான் தூங்கினேன். டைல்ஸ் வேலைக்கு உத்தரவு வந்ததும் வாட்ஸ்ஆப் குழுவில் எல்லோரும் கைகூப்பினார்கள், நானும் பதிலுக்குக் கூப்பினேன்.

ஐப்பசியில் மழை பிடித்தது. நாலாம் நாள் எங்கள் வீட்டில் வேலை செய்கிற அம்மா சொன்னாள். "அந்த ஒடியாக்காரப் பொண்ணு சாக்கடையில விழுந்துடுச்சும்மா. புள்ளையத் தூக்கிக்கிட்டுத் தாண்டியிருக்கு. புள்ளைக்கு ஒண்ணுமில்ல. அதுக்கு வலது கை மணிக்கட்டு போச்சு."

சப்பாத்தி போடுகிற கை. கையில் இருந்த காபி டம்ளரைக் கீழே வைத்தேன். வெட்கத்தில் மூன்று நாள் சந்துப் பக்கம் போகத் துணிவில்லை. நாலாம் நாள், சிலாப் கேட்டுச் சங்கத்தின் பெயரில் ஒரு மனு அடித்து, அவளிடம் காட்டி மன்னிப்பும் கேட்டுவிடுவது என்று கிளம்பினேன். மன்னிப்புக் கேட்கப் போகும்போதும் கையில் ஒரு லெட்டர்ஹெட் வேண்டியிருக்கிறது எனக்கு.

அன்று ஞாயிற்றுக்கிழமை. சந்து முனையில் ஆண்கள் ஏழெட்டுப் பேர் கம்பி கட்டி, ஜல்லி கலந்து, சாக்கடைக்குக் குறுக்கே கான்கிரீட் போட்டு முடித்திருந்தார்கள். ஒருவர் கரணையால் மேலே இழைத்துக்கொண்டிருந்தார். கட்டட வேலைக்காரர்கள்தானே. ஊரெல்லாம் சிலாப் போடுகிறவர்கள் தங்களுக்கும் ஒன்று போட்டுக்கொண்டார்கள்.

என்னைப் பார்த்ததும் அவர் கரணையை வைத்துவிட்டு எழுந்து கும்பிட்டார். மற்றவர்களும் கும்பிட்டார்கள். ஒருவர் ஓடிப்போய் ஸ்டூல் கொண்டுவந்து போட்டார். முறைப்பார்கள் என்று எதிர்பார்த்து வந்தவளுக்கு இந்த மரியாதை தாங்கவில்லை. கையில் கட்டோடு அவள் வெளியே வந்தாள்.

"ஏம்மா, என் மேல யாருக்கும் கோவம் இல்லையா?" என்றேன்.

குரலைத் தாழ்த்தினாள். "அவங்களுக்கு அன்னைக்கு நீங்க பேசினது புரியலக்கா. என்ன சொன்னாங்கன்னு கேட்டாங்க. நேரம் ஆயிடுச்சாம், அடுத்த கூட்டத்துல அக்காவே நம்மளப் பேச வைக்கிறேன்னு சொன்னாங்கன்னு சொல்லிட்டேன்."

"ஏன் அப்படிச் சொன்னே?"

"எல்லாரும் நல்ல சட்டை போட்டுக்கிட்டு வந்திருந்தாங்கக்கா."

பையில் இருந்த மனு பையிலேயே இருந்தது. கரணைக்காரர் கையைத் துடைத்துக்கொண்டு கிட்டே வந்து, என்னைப் பார்த்து ஒடியாவில் ஏதோ கேட்டார். சிரித்த முகம். நான் அவளைப் பார்த்தேன்.

"தெரு லைட்டு பத்திப் பேசணுமாம். அடுத்த கூட்டம் எப்பன்னு கேக்குறாருக்கா" என்றாள்.