கதவைத் தட்டுகிறவன்

எரிந்துபோன மோட்டாரின் வயிற்றைத் திறந்து, கருகிய செம்புக் கம்பியை உருவி எறிந்து, புதுக் கம்பி சுற்றி வார்னிஷில் முக்கிக் காயவைத்துக் கொடுப்பது வைண்டரின் தொழில். பிழைப்புத் தேடி இளவட்டமாக அந்தக் குடியிருப்புக்கு வந்தவர், அங்கேயே கடை போட்டு, அங்கேயே பெண்ணும் கட்டினார். பெண்டாட்டியின் அண்ணன் வரி அலுவலகத்தில் குமாஸ்தா. குடியிருப்போர் சங்கத்தின் ஆண்டு விழாவுக்கு வருஷம் தவறாமல் நாடகம் எழுதுகிறவரும் அவர்தான்.

முதல் தடவை மச்சான் கூப்பிட்டு வேஷம் கொடுத்தபோது வைண்டருக்குத் தலைகால் புரியவில்லை. மழைக்கு ஒதுங்க இடம் கேட்டு ஒரு வீட்டுக்குள் நுழைந்து, நகையைச் சுருட்டிக்கொண்டு ஓடும் வெளியூர்க்காரன் வேஷம். கடைசிக் காட்சியில் தெருவே கூடி அவனை மொத்தும். விசில் பறந்தது. அதுவரை கையிலிருந்த மோட்டாரைப் பார்த்துப் பேசிய சனங்கள் மறுநாள் அவர் முகத்தைப் பார்த்துப் பேசினார்கள். அது போதும் என்றிருந்தது.

அடுத்த வருஷம் போலி டாக்டர். அதற்கடுத்தது பிள்ளை பிடிக்கிறவன். பிறகு நல்ல குடும்பத்தைப் பிரித்துவைக்கிறவன். சட்டையும் மீசையும்தான் மாறின. வரவேண்டும், கெடுக்கவேண்டும், உதை வாங்கவேண்டும், ஓடவேண்டும். ஒத்திகையில் மச்சான் சொல்வார், "இன்னும் கொஞ்சம் இழுத்துப் பேசு மாப்ளே. அப்பத்தான் வெளியாள்னு பளிச்சுனு தெரியும்." வார்த்தையின் வாலை இழுக்கிற அந்தப் பழக்கத்தை விடத்தான் கல்யாணமான புதிதில் பெண்டாட்டியிடம் பாடம் கேட்பதுபோல் உட்கார்ந்து பேசிப் பழகியிருந்தார். விட்டதை மேடைக்காகத் திரும்பப் பிடித்துக்கொண்டார்.

போன வருஷ நாடகத்தில் அவர் பொதுக் கிணற்று மோட்டாரைக் கழற்றி விற்கிற திருடன். தொழில் தெரிந்த கை அல்லவா, ஸ்பானரைச் சுழற்றிய அழகுக்கே தனியாகக் கைதட்டல் கிடைத்தது.

இந்த வருஷம் குடியிருப்பின் பொது மோட்டார் நிஜமாகவே காணாமல் போனது.

மறுநாள் காலையில் சங்கத் தலைவரும் செயலாளரும் கடைக்கு வந்தார்கள். மிக்ஸி மோட்டாரைக் கொண்டுவந்திருந்த ஒரு அம்மாள் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள்.

"சும்மா பாத்துட்டுப் போலாம்னு வந்தோம்" என்றார் தலைவர், மூலையில் கிடந்த சாக்கைக் காலால் விலக்கியபடி.

"சும்மான்னா?"

"தப்பா எடுத்துக்காதீங்க. மோட்டார்னா சுத்திச் சுத்தி உங்ககிட்டதானே வந்தாகணும்."

செயலாளர் சிரித்தார். "போன வருஷம் என்னா சுளுவா கழட்டினீங்க சார்! எங்க வீட்டுல இன்னும் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிறாங்க."

தலைவரும் சிரித்தார். சிரித்துக்கொண்டேதான் குனிந்து மேசைக்கு அடியில் பார்த்தார். தார்ப்பாயைத் தூக்கிப் பார்த்தார். அந்த அம்மாள் மிக்ஸி மோட்டாரைப் பையில் போட்டுக்கொண்டு, "அப்புறமா வரேங்க" என்று எழுந்து போனாள். அவள் வரவே இல்லை.

அன்று வைண்டர் மத்தியானமே கடையைச் சாத்திவிட்டு வீட்டுக்குப் போனார். விஷயத்தைக் கேட்டதும் பெண்டாட்டி கையிலிருந்த பாத்திரத்தை நங்கென்று வைத்தாள்.

"கடையை மட்டும் ஏன் பாத்தாங்களாம்? வீட்டையும் வந்து கொடைஞ்சுட்டுப் போகச் சொல்ல வேண்டியதுதானே!"

"உங்க அண்ணன் எழுதினதுதான். அதை அப்படியே நடிச்சுக் காட்டிட்டுப் போயிருக்கானுங்க."

எப்போதும் அண்ணனுக்குப் பரிந்து பேசுகிறவள் அன்று பேசவில்லை.

சில நாள் கழித்து மோட்டார் கிடைத்தது. தலைவரின் தம்பி புது வீடு கட்டிக்கொண்டிருந்தார். சுவருக்குத் தண்ணீர் விடுவதற்காகக் கழற்றிக்கொண்டு போயிருந்தார். "சொல்லாம எடுத்துட்டுப் போயிட்டான், அவ்ளோதான்" என்று தலைவர் கதையை முடித்தார். வருத்தம் சொல்ல வைண்டர் கடைப் பக்கம் ஒருவரும் எட்டிப் பார்க்கவில்லை. அவர் தம்பி எடுத்தால் சொல்லாமல் எடுத்தது, நான் எடுத்திருந்தால் அதற்குப் பெயர் வேறா என்று வைண்டருக்கு வயிறெரிந்தது.

நேராக மச்சான் வீட்டுக்குப் போனார். மச்சான் மடியில் அட்டையை வைத்து இந்த வருஷ நாடகத்தை எழுதிக்கொண்டிருந்தார்.

"வா மாப்ளே. உனக்குத்தான் எழுதிட்டிருக்கேன். மாடிக்குக் குடிவர்றவன் தண்ணித் தொட்டியில விஷம் கலக்குறான். பிரமாதமான வேஷம்."

"எனக்கு வேண்டாம். வீட்டுக்காரர் வேஷம் குடு."

மச்சான் பேனாவை மூடினார். "உன் பேச்சு அதுக்கு ஒத்து வராதே மாப்ளே."

"இழுத்துப் பேசுன்னு சொன்னதே நீதானே?"

"கோவப்படாம கேளு. ஒரு வீடு. அதுல எல்லாரும் நல்லவங்க. அப்படியே விட்டா கதை எங்க நகரும்? யாராவது வந்து கதவைத் தட்டணும். எந்த ஊர் இலக்கியத்தை வேணா எடுத்துப் பாரு, முகம் தெரியாதவன் ஒருத்தன் வருவான். நாடக இலக்கணமே அதான்."

"எல்லாரும் நல்லவங்கன்னு யார் சொன்னது? மோட்டாரை எடுத்தது வெளியிலேர்ந்து வந்தவனா? அதை எழுதேன். சங்கத் தலைவர், அவருக்கு ஒரு தம்பி. கதவையே தட்ட வேண்டாம், உள்ளயே இருக்கான். கதை ஜம்முனு நகரும்."

"விளையாடுறியா? முன்வரிசையில அவரை வெச்சுக்கிட்டு அதை எப்படிப் போடறது? நம்ம ஆளுங்க மனசு நோகாதா?"

"அப்ப நான் யாரு?"

மச்சான் மூடிய பேனாவைச் சட்டைப் பையில் செருகினார். "நீ என் தங்கச்சி புருஷன்" என்றார். அது பதில் இல்லை என்பது இரண்டு பேருக்குமே தெரிந்தது. வைண்டர் செருப்பை மாட்டிக்கொண்டு கிளம்பினார்.

வேஷத்துக்கு ஆளா பஞ்சம்? குடியிருப்பின் கோடியில் புதிதாகக் குடிவந்திருந்த டைல்ஸ் ஒட்டும் மேஸ்திரியைப் பிடித்துவிட்டார்கள். அவர் பேச்சிலும் ஒரு இழுவை இருந்தது, வேறு தினுசாக.

விழா அன்று வைண்டர் போகக் கூடாதென்றுதான் இருந்தார். பெண்டாட்டிதான், "பயந்து ஒதுங்கினாப்பல இருக்கும், வாங்க" என்று இழுத்துப் போனாள். மூன்றாவது வரிசையில் உட்கார்ந்தார்கள். மேஸ்திரி வந்தார், விஷம் கலந்தார், மாட்டிக்கொண்டார். தெருக்காரர்களாக நடித்தவர்கள் சூழ்ந்துகொண்டு அடித்தார்கள். ஓங்கி மெதுவாக இறக்குவதுதான் பழக்கம். ஆனால் அவர்களில் ஒருவரான செயலாளரின் கை முதுகில் விழுந்த சத்தம் மூன்றாவது வரிசைவரை கேட்டது. மேஸ்திரி நெளிந்தார், நெளிந்தவர் சட்டென்று பல்லைக் காட்டிச் சிரித்தார், வலிக்கவில்லை என்பதுபோல. அந்தச் சிரிப்பை வைண்டரும் சிரித்திருக்கிறார். பக்கத்து நாற்காலிக்காரர் காதோரம் குனிந்து, "என்ன இருந்தாலும் உங்க அளவுக்கு அடி வாங்கத் தெரியல சார் இவருக்கு" என்றார்.

வைண்டர் எழுந்தார். பெண்டாட்டி கையைப் பிடிக்கவில்லை. விறுவிறுவென்று மேடையேறி, ஓங்கிய செயலாளரின் மணிக்கட்டைப் பிடித்து முறுக்கினார்.

"சார், சீன் போயிட்டிருக்கு" என்று செயலாளர் பல்லிடுக்கில் முனகினார்.

"போகட்டும்யா. நீ நிஜமா அடிக்கிற. என்னையும் இப்படித்தான்யா அடிச்சே!"

இதுவும் நாடகம் என்று நினைத்துக் கூட்டம் கைதட்டியது. அது அவருக்கு இன்னும் எரிச்சலைக் கிளப்பியது. "தட்டாதீங்க! எதுக்குத் தட்டுறீங்க?" என்று கத்தினார். இன்னும் பலமாகத் தட்டினார்கள். பக்கவாட்டிலிருந்து மச்சான், "திரையை இழுங்கப்பா!" என்று அலறினார்.

திரை விழுந்தது. வைண்டர் மேஸ்திரியின் தோளைப் பிடித்து, "வாங்க, இவனுங்ககிட்ட உதை வாங்கணும்னு உங்களுக்கு என்ன தலையெழுத்து" என்றார்.

மேஸ்திரி தோளை உதறினார். முகம் ஜிவுஜிவு என்றிருந்தது.

"உங்களை யாருங்க கூப்பிட்டா?"

"உங்களுக்காகத்தான்..."

"எனக்காகவா? நாங்க குடிவந்ததுலேர்ந்து ஒரு நாய் எங்களைத் திரும்பிப் பாத்ததில்ல. இன்னைக்குத்தான் என் பொண்டாட்டிக்கு முன்வரிசையில நாற்காலி போட்டாங்க. உங்க கோவத்தைத் தீத்துக்க என் வேஷம்தான் கிடைச்சுதா? உங்களுக்கு மச்சான் இருக்காரு, வீடு இருக்கு. எனக்கு இது ஒண்ணுதானே இருந்துச்சு!"

செயலாளரை முறுக்கிய கைக்கு மேஸ்திரியிடம் செய்ய ஒன்றும் இல்லை. வைண்டர் படியிறங்கி வந்தார். பெண்டாட்டியோடு வீட்டுக்கு நடந்தார். கோபம் தணியவில்லை. யார் மேல் என்று கேட்டிருந்தால், விரல் நீட்ட ஒருத்தர் போதாது.

மச்சான் பேச்சை நிறுத்தினார். தங்கை மட்டும் போய்வந்தாள். கடையில் கொஞ்ச நாள் ஈயோட்டினார். பிறகு வெயில் ஏற ஏற மோட்டார்கள் எரியத் தொடங்கியதும், நாடகத்தைக் கெடுத்தார் என்று வைதவர்களே தூக்கிக்கொண்டு வந்தார்கள். மேஸ்திரியை வழியில் பார்த்து ஒருமுறை கும்பிட்டார். அவர் பதிலுக்குக் கும்பிடாமல் போனார்.

அடுத்த ஆண்டு விழாவில் நாடகம் இல்லை. பாட்டுக் கச்சேரி வைத்தார்கள். அது சுமார்தான். மறுநாள் டீக்கடையில் யாரோ, "நல்லா நடந்துட்டிருந்த நாடகம். எங்கிருந்தோ வந்த ஆளால நின்னுபோச்சு" என்றார்.

வைண்டர் அங்கேதான் உட்கார்ந்திருந்தார். அத்தனை வருஷம் மென்று விழுங்கியவர் அன்று விழுங்கவில்லை.

"எங்கிருந்தோ இல்ல. மூணாவது வரிசையிலேர்ந்து வந்தேன்" என்றார். சொன்னவர் வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். வைண்டர் மீதி டீயை நிதானமாகக் குடித்துவிட்டுக் கடையைத் திறக்கப் போனார்.