இருபதாவது மரம்

காந்தம் என்று கூப்பிட்டால்தான் அவர் திரும்பிப் பார்ப்பார். அடையாள அட்டையில் வேறொரு பேர் இருக்கிறது. அது அட்டையோடு சரி. மர அறுவை மில்லில் இருபத்தெட்டு வருஷ வேலை. ரம்பத்துக்குப் போகிற ஒவ்வொரு மரத்தையும் முதலில் அவர் தடவிப் பார்த்தாக வேண்டும். ஆரம்பத்தில் பழைய ஒலிபெருக்கியிலிருந்து கழற்றிய காந்தம்தான் கருவி. பிற்பாடு, கண்ணிவெடி எடுக்க வந்தவர்கள் விட்டுப்போன இயந்திரம் ஒன்று கிடைத்தது. உள்ளே இரும்பு இருந்தால் அது கத்தும்.

சண்டை பதினோரு மாதம் நடந்தது, முடிந்து முப்பத்து நாலு வருஷம் ஆகிறது என்று பள்ளிக்கூடப் புத்தகத்தில் போட்டிருக்கிறது. எழுதின ஆளை ஒரு நாள் மில்லுக்குள் நிற்க வைத்திருந்தால் அந்த 'முடிந்து' என்ற சொல்லைத் தானே அடித்திருப்பார். குண்டு விழுந்த பள்ளங்கள் குட்டையாகி, வாத்து மேய்கிறது. மேட்டு நிலத்தை உழப் போனவர்களில் நாலு பேர் ஒற்றைக் காலோடு திரும்பினார்கள். மரங்களோ அந்த வருஷம் பட்ட தோட்டா, குண்டுச் சில்லு எல்லாவற்றையும் விழுங்கிவிட்டுப் பட்டையை மூடிக்கொண்டு, ஒன்றும் தெரியாத பாவனையில் நிற்கின்றன.

அவர் வேலைக்குச் சேர்ந்த மூன்றாம் மாதம், அம்மாவின் தம்பி ரம்பத்தின் முன் நின்றிருந்தார். நல்ல வழவழப்பான மரம்; யாருக்கும் சந்தேகமே வரவில்லை. பாதி அறுத்தபோது உள்ளே ஒரு சில்லு. பட்டை ரம்பம் அறுந்து, சக்கரத்தைவிட்டுத் துள்ளி வெளியே வந்து, மாமாவின் கழுத்தையும் தாடையையும் வாரிக்கொண்டு போய்ச் சுவரில் அடித்தது. சுவிட்சை அணைக்க ஓடிய காந்தத்தின் வாய்க்குள் ஈரமாக ஏதோ தெறித்தது. அதை அவர் துப்பினாரா விழுங்கினாரா என்று இன்றுவரை அவருக்கு நினைவில்லை.

மாமாவை அடக்கம் செய்துவிட்டு வந்துதான் அவர் ஏழடிச் சட்டத்தைப் போட்டார். மனிதர்கள் நின்று ஒருவரையொருவர் சுட்டுக்கொண்ட உயரம் தரையிலிருந்து ஏழடிக்குள்தான். மரம் உச்சியில்தான் வளரும். அடியில் பட்ட காயம் பட்ட உயரத்திலேயே இருக்கும். ஆகவே எந்த மரத்தை வெட்டினாலும் அடி ஏழடியைத் துண்டித்து, கேள்வி கேட்காமல் செங்கல் சூளைக்கு விறகாக அனுப்பிவிட வேண்டும். மீதிதான் மில்லுக்கு வரும். வெட்டுகிறவர்களின் மண்டையில் இதை ஏற்ற அவருக்கு ரெண்டு வருஷம் பிடித்தது. அதற்குப் பிறகு மில்லில் ஓர் உயிர்கூடப் போகவில்லை. அந்தப் பெருமை அவருக்கு நிறையவே உண்டு.

வாய்க்கால் சாலையோரம் இருபது மரங்கள் வரிசையாக நின்றன. சண்டையின் எட்டாம் மாதம், படைக்காரர்கள் வீடு வீடாகப் புகுந்து இருபது ஆண்களை இழுத்துப்போய் அங்கே கட்டிவைத்துச் சுட்டார்கள். அவர்களில் ஒருவர் காந்தத்தின் அப்பா, தபால் ஆபீஸ் குமாஸ்தா. ஊர்ச்சனம் பதுங்கு குழியைவிட்டு வெளியே வந்தபோது உடல்களைப் படைக்காரர்கள் லாரியில் அள்ளிப் போயிருந்தார்கள். பத்தொன்பது மரங்களில் ரத்தம் ஊறிய கயிறு தொங்கியது. இருபதாவதில் கயிறு இல்லை. எல்லா மரத்திலும்தான் அந்த வருஷம் ஓட்டை. இருபதாவதின் ஓட்டையை யார் தனியாகப் பார்த்தார்கள்? குமாஸ்தாதான் ஆட்களைக் காட்டிக்கொடுத்துவிட்டுத் தப்பி ஓடினான் என்று ஊர் முடிவு கட்டியது. நினைவுக் கல்லில் பத்தொன்பது பேரின் பேர்தான் வெட்டப்பட்டது.

அதற்குப் பிறகு குமாஸ்தா வீட்டு ஜன்னலில் எத்தனை கல் விழுந்தது, அம்மா எத்தனை தடவை தண்ணீர்க் குழாயடியில் குடத்தோடு கீழே தள்ளப்பட்டாள் என்பதற்குக் கணக்கில்லை. அம்மாவும் ஊரோடு சேர்ந்துகொண்டாள். எழுந்தால் திட்டு, உட்கார்ந்தால் திட்டு. "எங்களை இங்க சாகவிட்டுட்டு எவ வீட்டுல போய் உக்காந்திருக்கானோ, பாவி!" என்று அடுப்போடு பேசுவாள்.

ஊரில் உள்ள மரத்தையெல்லாம் தடவிய மனிதர் அந்த இருபதாவது மரத்தின் பக்கம் மட்டும் போனதில்லை. வேறென்ன, பயம்தான். உள்ளே அப்பாவின் நெஞ்சு உயரத்தில் தோட்டா இருந்தால் அவர் யோக்கியர். இல்லாவிட்டால்? தெரிந்துகொள்ளாத வரைக்கும் சந்தேகமாவது மிச்சமிருக்கும். நாளை பார்க்கலாம் என்றே இருபத்தெட்டு வருஷத்தை ஓட்டிவிட்டார்.

ஒரு நாள் காலையில் மில்லுக்கு லாரி வந்தது. காந்தம் மரங்களைத் தொட்டுப் பார்த்துவிட்டு, "எங்க வெட்டினது?" என்றார்.

"வாய்க்கால் ரோட்டுலண்ணே. ரோட்டை அகலப்படுத்துறாங்க," என்றார் டிரைவர். "அவங்க சுண்ணாம்புல வரிசை நம்பர் போட்டிருந்த அடித்துண்டையெல்லாம் நேத்தே சூளையில எறக்கியாச்சு. உங்க சட்டப்படி ஏழடி, ஓர் அங்குலம் பிசகல."

காந்தம் இயந்திரத்தையும் கோடாலியையும் எடுத்துக்கொண்டு சூளைக்கு ஓடினார்.

சூளைவாய் திறந்திருந்தது. சூளைக்காரர் நீண்ட இரும்புக் கம்பியால் ஒரு கட்டையை உள்ளே தள்ளிக்கொண்டிருந்தார். வெளியே ஐந்தாறு கட்டைகள்தான் மிச்சம். தள்ளப்பட்ட கட்டையின் வால்பக்கத்தில், பாதி கருகிய சுண்ணாம்பு எழுத்தில், இருபது. காந்தம் பாய்ந்து அதை வெறுங்கையால் பிடித்து இழுத்தார். உள்ளங்கைத் தோல் கட்டையோடு ஒட்டிக்கொண்டு வந்தது.

"எடு கையை! அந்தத் துரோகியோட மரத்துக்கு என்னடா இவ்வளவு அக்கறை?" சூளைக்காரரின் அண்ணனும் அந்தப் பத்தொன்பது பேரில் ஒருவர். "எங்கண்ணனைக் காட்டிக்கொடுத்தவன் உங்கப்பன்!"

கம்பி வீசி வந்து காந்தத்தின் தோளில் இறங்கியது. எலும்பு முறிந்த சத்தம் அவருக்கே கேட்டது. அவர் கோடாலிக் காம்பால் சூளைக்காரரின் முகத்தில் ஓங்கி அடித்தார். மூக்கு உடைந்து ரத்தம் கொட்ட, அந்த மனிதர் செங்கல் குவியலில் விழுந்தார். முப்பத்து நாலு வருஷக் கோபத்துக்கு அந்த ஓர் அடி போதவில்லை. இன்னொன்று கொடுக்கக் கை ஓங்கியது. ஓங்கிய கையை அப்படியே கட்டையின் பக்கம் திருப்பினார்.

இயந்திரத்தை வைத்தார். கத்தியது.

ஒற்றைக் கையால் வெட்டினார். ஒவ்வொரு வெட்டுக்கும் தோளில் உயிர் போனது. கடைசியில் கட்டை பிளந்தபோது, உள்ளே மரம் மை கொட்டிய மாதிரிக் கறுத்திருந்தது. இரும்பு கிடந்தால் அப்படித்தான் கறுக்கும். தரையிலிருந்து மூன்றரை அடியில் நாலு தோட்டாக்கள். மற்ற மரங்களில் நாலரை அடிக்கு மேலே இருக்கும். அப்பா குள்ளம். தபால் ஆபீஸ் மேஜைக்குப் பின்னால் முக்காலி போட்டு நிற்பார். பின்பக்கமாக, அந்தக் காலத்துப் பட்டைக்குள் புதைந்து, பாதி வளையமாக ஒரு வேலிக் கம்பி. ஏதோ வேலியின் மிச்சம் என்று அன்று யாரும் அதைத் திரும்பிப் பார்த்திருக்க மாட்டார்கள்.

சூளைக்காரர் மூக்கைப் பொத்திக்கொண்டே எட்டிப் பார்த்தார். கம்பியை விரலால் நெருடினார்.

"கயிறு பத்தாமப் போயிருக்கு," என்றார். "கம்பியால கட்டியிருக்கானுங்க."

பிறகு தரையில் உட்கார்ந்து, அழுதார். காந்தம் அழவில்லை. எழுந்து நின்றபோது, அப்பா போனதிலிருந்து முதல்முறையாக அந்த ஊரில் நிமிர்ந்து நிற்பதாக அவருக்குத் தோன்றியது.

இருவருமாகக் கட்டையைத் தள்ளுவண்டியில் ஏற்றி வீட்டுக்குக் கொண்டுபோனார்கள். அம்மா வாசலில் சுள்ளி ஒடித்துக்கொண்டிருந்தாள்.

"அம்மா, அப்பா ஓடலம்மா. இங்கயேதான் இருந்திருக்காரு. இதோ பாரு, நாலு தோட்டா."

"என்னை மன்னிச்சிடுங்கம்மா," என்று சூளைக்காரர் அவள் காலைத் தொட்டார். "கல்லுல அவரு பேரையும் வெட்டச் சொல்றேன். நாளைக்கே வெட்டச் சொல்றேன்."

அம்மா காலை இழுத்துக்கொண்டாள். கறுத்த மரத்தின் மேல் விரலை வைத்து, ஒவ்வொரு தோட்டாவாகத் தொட்டாள். சந்தோஷப்படுவாள் என்று நினைத்து மகன் காத்திருந்தார். அவள் எழுந்தாள், கையில் இருந்த சுள்ளியால் மகனின் முகத்தில் மாறி மாறி அடித்தாள். உடைந்த தோளோடு அவர் அசையாமல் நின்றார்.

"யாருடா உன்னைப் பொளக்கச் சொன்னது?" என்று கத்தினாள். "எங்கயோ இருக்காரு, எவ கையாலயோ வயிறாரச் சாப்பிடுறாருன்னுதானேடா நான் தெனம் திட்டிக்கிட்டிருந்தேன்! இப்படிக் கொன்னு கொண்டாந்து போட்டிருக்கியே!"